சாண்டோ என்னும் பெயர் பூண்ட தமிழர்

சாண்டோ பனியன் என்றால் அறியாத தமிழர் இல்லை. கையில்லாத உள்ளாடையைத் துணிக்கடையில் கேட்டு வாங்க நம்மவர்க்கு அதைவிட எளிய சொல்லும் இல்லை. சுங்கை பட்டாணியிலும், கூலிமிலும், லூனாசிலும், பால்மரம் வெட்டிக் காய்ப்பேறிய கையினரான முதியவரும், பந்தாடப் போகும் சிறுவனும் அப்பெயரைச் சொல்லித்தான் கேட்பர். அச்சொல் தமிழுமன்று, மலாயுமன்று. ஒரு ஜெர்மானியர் தமக்குத் தாமே சூட்டிக்கொண்ட புனைபெயர். அதே பெயரைப் புதுக்கோட்டைத் தமிழர் ஒருவர் ஏற்றுக்கொண்டு, திரையில் வாய் திறந்து ஒரு சொல்லும் பேசாமல் இந்தியா முழுதும் புகழ் பெற்றார் என்பதும், பின்னர் அப்புகழை மூலதனமாகக் கொண்டு தமிழ்ப்படத்தைச் சமூகக் கதையின் பக்கம் திருப்பினார் என்பதும் இன்று பலர் நினைவில் இல்லை. இராஜா சாண்டோ என்பது அவர் பெயர்.

முதலில் அந்த ஜெர்மானியரைப் பார்த்துவிடுவோம். பிரஷ்ய நாட்டுக் கோனிக்ஸ்பர்க் நகரில் 1867-ஆம் ஆண்டில் பிறந்தவர் பிரீட்ரிக் வில்ஹெல்ம் முல்லர். அந்நகரம் இன்று கலினின்கிராட் என்ற பெயரில் ருஷ்யாவுக்குள் இருக்கிறது. அவர் யூஜன் சாண்டோ என்று பெயர் மாற்றிக்கொண்டு, ஐரோப்பாவிலும் அமெரிக்காவிலும் கொட்டகை தோறும் சென்று இரும்புக் குண்டுகளைத் தூக்கிக் காட்டினார். வெகு விரைவில் அவர் ஓர் உண்மையைக் கண்டுகொண்டார். மக்கள் குண்டைப் பார்க்க வரவில்லை. குண்டைத் தூக்கும் தோளைப் பார்க்கவே வந்தார்கள். ஆகவே குண்டைக் கீழே வைத்துவிட்டு, தசைகளை முறுக்கியும் தளர்த்தியும் காட்டுவதையே காட்சியாக்கினார். 1894-ஆம் ஆண்டு மார்ச்சு மாதத்தில், நியூ ஜெர்சியில் எடிசன் கம்பெனியார் கட்டியிருந்த கறுத்த சிறு கொட்டகையினுள் நின்று, சலனப்பட யந்திரத்தின் முன் தம் தோளையும் முதுகையும் காட்டினார். ஒரு நிமிஷத்துக்கும் குறைந்த படம் அது. கதை இல்லை, உரை இல்லை, உடல் ஒன்றுதான் இருந்தது. சினிமா என்னும் புதுக் கலை தொட்டிலில் கிடந்த காலத்து முதல் நடிகருள் ஒருவர் அவர் என்று சொன்னால் மிகையாகாது.

அந்தச் சாண்டோ 1904, 1905-ஆம் ஆண்டுகளில் இந்தியாவுக்கும் வந்து தம் திறமையைக் காட்டிப் போனார். இந்தியர் உடல்வலி அற்றவர், ஆளப்படுதற்கே பிறந்தவர் என்று வெள்ளையருட் சிலர் ஏளனம் பேசிவந்த காலம் அது. அவ்வேளனத்துக்கு விடையாக ஊர்தோறும் தேகப்பயிற்சிக் கழகங்கள் தோன்றின. பழைய சிலம்பக்கூடங்களிலும் மல்யுத்தக் களரிகளிலும் புதிதாக இரும்புக் குண்டுகள் வந்து சேர்ந்தன. பலசாலி எவனாயினும் அவனைச் சாண்டோ என்று அழைப்பது தமிழ்நாட்டில் வழக்காகிவிட்டது. பிற்காலத்தில் தேவர் பிலிம்ஸ் என்னும் கம்பெனியை நிறுவிய சின்னப்பா தேவருக்கும் அப்பட்டம் ஒட்டிக்கொண்டதை நேயர் அறிவர். ஆயினும் அவர்க்கெல்லாம் முன்பே அப்பெயரைத் திரையில் ஏற்றியவர் ஒருவர் உண்டு.

அவருடைய இயற்பெயர் நாகலிங்கம். ஊர் புதுக்கோட்டைச் சமஸ்தானம். பிறந்த ஆண்டு 1894. அதாவது அந்த ஜெர்மானியர் எடிசன் கம்பெனியின் யந்திரத்தின் முன் நின்ற அதே ஆண்டு. விதி, ஜாதகம் என்று பேசுவோர் இதில் ஏதேனும் காணக்கூடும். எனக்கு அதில் நம்பிக்கை இல்லை. உடலைப் பழக்குவதே அவருக்கு இளமையில் கல்வியாக இருந்தது. பயிற்சிக்கூடத்தில் பெற்ற கட்டும், தாவவும் உருளவும் அறிந்த லாகவமுமே அவர் கையிலிருந்த சொத்து. அதை எடுத்துக்கொண்டு அவர் பம்பாய்க்குப் போனார்.

தமிழ்நாட்டிலேயே ஒரு நடிகன் பிழைக்கக்கூடாதா என்று கேட்கலாம். பிழைக்கலாம், பாடத் தெரிந்தால். அந்நாளைய தமிழ் நாடகமேடையில் நடிப்பு என்பது பெரும்பாலும் பாட்டு. சங்கரதாஸ் சுவாமிகள் வழிவந்த பாய்ஸ் கம்பெனிகளில் ஒரு சிறுவன் சேர்வதற்கு முதற்தகுதி குரல். குரல் உடைந்தால் அவன் பிழைப்பும் உடையும். பாடத் தெரியாத ஒருவன், தோள்வலி ஒன்றையே உடையவன், அம்மேடையில் பீமனாகவோ கம்சனாகவோ இரண்டு காட்சிக்கு வந்து போகலாமேயன்றிக் கதாநாயகனாக நிற்க முடியாது. ஊமைப்படம் அந்தத் தடையை எடுத்துவிட்டது. ஓடத் தெரிந்தவனுக்கும், குதிரையேறத் தெரிந்தவனுக்கும், மாடியிலிருந்து குதிக்க அஞ்சாதவனுக்கும் அங்கே இடம் இருந்தது. பதிலாள் வைத்துக் குதிக்கச் செய்யும் வழக்கம் பரவாத காலம். நாயகன் தானே குதிப்பான், காலொடிந்தால் தானே படுப்பான்.

பம்பாயில் பட்டங்கர் என்பவருடைய நேஷனல் பிலிம் கம்பெனியில் அவர் முதலில் சண்டைக்காட்சிகளுக்காக அமர்த்தப்பட்டார். 1922-இல் வெளிவந்த பக்த போடானா அவருடைய முதற்படம் என்பர். அதற்கு அவர் பெற்ற சம்பளம் 101 ரூபாய் என்று எழுதியுள்ளோரும் உண்டு. அடுத்த ஆண்டில் வீர் பீம்சேன். பீமன் வேஷத்துக்கு அவர் உடல் எத்தனை பொருத்தம் என்பதைச் சொல்ல வேண்டுவதில்லை. அதன்பின் கோஹினூர் கம்பெனி. அக்காலத்து இந்தியப் படத்தொழிலில் பெருங்கம்பெனிகளுள் ஒன்று அது. சுலோசனா, கோஹர், ஜுபேதா ஆகிய நட்சத்திரங்களோடு அவர் நாயகனாக நடித்தார்.

இங்கே சற்று நின்று பார்க்க வேண்டும். சுலோசனா என்பவர் ரூபி மையர்ஸ் என்னும் யூதப் பெண். டெலிபோன் நிலையத்தில் இணைப்புக் கொடுக்கும் வேலையிலிருந்து சினிமாவுக்கு வந்தவர். கோஹர் ஒரு முஸ்லிம் மாது. டைரக்டர் சந்துலால் ஷா குஜராத்தி. பங்குச்சந்தையில் தொழில் பழகியவர். இவர்களுக்கிடையே புதுக்கோட்டைத் தமிழர் ஒருவர் நாயகன். இத்தனை பேரும் ஒரே படத்தில் கூடி நின்றனர். அப்படத்தைக் காண்போர் பெஷாவரிலும் கல்கத்தாவிலும் மதுரையிலும் இருந்தனர். எவர் எந்தப் பாஷைக்காரர், எந்தச் சாதி, எந்த மதம் என்று வினவ அந்தத் திரையில் வழி இல்லை. சாதிப்பெயரும் ஊர்ப்பெயரும் நாக்கில் ஏறி நாட்டைக் கூறுபோடும் தேசத்தில், பத்து ஆண்டுக் காலம் நாக்கில்லாத ஒரு கலை பெருஞ்செல்வாக்கோடு விளங்கியது என்பதை நினைக்கும்போது எனக்கு வியப்பு அடங்குவதில்லை.

சந்துலால் ஷா 1926-இல் எடுத்த படம் டைப்பிஸ்ட் கேர்ள். சுலோசனா, கோஹர், இராஜா சாண்டோ மூவரும் அதில் நடித்தனர். பதினேழே நாளில் முடிக்கப்பட்டது என்பது சினிமா சரித்திரக்காரர் கூற்று. பெண் ஒருத்தி காரியாலயத்துக்குப் போய் யந்திரம் தட்டிச் சம்பாதிப்பதே அன்று அதிசயமாக இருந்தமையால் அந்தத் தலைப்பு ஒன்றே கூட்டத்தை இழுத்தது. தோட்டத்துக் காரியாலயத்தில் என் பக்கத்து மேசைகளில் இன்று இருப்போரிற் பாதிப்பேர் பெண்கள். அவர்களிடம் இக்கதையைச் சொன்னால் இதில் என்ன அதிசயம் என்று கேட்கிறார்கள்.

1927-இல் வந்த குணசுந்தரி இன்னும் கூர்மையானது. கதை இது. மனைவி விடியற்காலை முதல் இரவு வரை மாமனார், மாமியார், அடுப்பங்கரை என்று உழைத்து ஓய்கிறாள். கணவனோ காரியாலயத்திலிருந்து திரும்பி வரும்போது தன்னோடு சிரித்துப் பேச ஒரு துணையை எதிர்பார்க்கிறான். அது கிடைக்காமல் நாட்டியக்காரி ஒருத்தியின் வீட்டை நாடுகிறான். நம் பழைய கதாசிரியனாக இருந்தால், மனைவி விளக்கேற்றி வைத்துக்கொண்டு அழுது காத்திருப்பாள். கற்பின் வலிமையால் கணவன் திருந்தி வருவான். சந்துலால் ஷா அப்படிச் செய்யவில்லை. அவன் இரவு எந்நேரமும் வெளியே திரியலாமெனில் நானும் போகலாம் என்று அவள் எழுந்து புறப்பட்டுவிடுகிறாள். கோஹர் அம்மனைவி, இராஜா சாண்டோ அக்கணவன். மல்லனாக, வீரனாக ஜனங்கள் கைதட்டிப் பாராட்டிய ஒருவர், தவறு செய்யும் சாதாரணக் கணவனாக, மனைவியிடம் தோற்று நிற்பவனாக நடிக்க ஒப்பினார். தசையைக் காட்டாமல் முகத்தைக் காட்ட வேண்டிய படம். பின்னாளில் அவர் தமிழ்நாட்டில் செய்த வேலைக்கு வித்து இங்கேதான் விழுந்தது என்பது என் எண்ணம். அடுத்த ஆண்டில், 1928-இல், சிநேக ஜோதி என்னும் படத்தை அவர் தாமே டைரக்ட் செய்தார்.

நிற்க. ஊமைப்படம் என்பது உண்மையில் ஊமையாகக் காட்டப்பட்டதன்று. காட்சிகளுக்கிடையே எழுத்துகள் தோன்றும். ஆங்கிலத்திலும், தமிழ், தெலுங்கு முதலிய மொழிகளிலும் அவை இருக்கும். படிக்கத் தெரிந்தவர் சிலரேயாகையால், கொட்டகைக்காரர் ஓர் ஆளைத் திரைக்குப் பக்கத்தில் நிறுத்துவார். அவ்வாள் எழுத்துகளை உரக்கப் படிப்பான். அதோடு நில்லாமல் தன் சரக்கையும் சேர்ப்பான். வில்லன் வரும்போது ஏசுவான். நாயகன் பாயும்போது ஊக்குவான். ஆர்மோனியமும் தபேலாவும் பக்கத்தில் முழங்கும். ஆக, பம்பாயில் எடுத்த படம் தஞ்சாவூரில் தஞ்சாவூர்ப் பேச்சிலேயே ஓடியது.

நம் தோட்டங்களிலும் இதன் நிழல் வெகுகாலம் இருந்தது. பிரட்டுக் களத்தில் இரண்டு கம்பம் நட்டு வெள்ளைத்துணி கட்டிப் படம் காட்டிய இரவுகளை என் பாட்டனார் தலைமுறையினர் சொல்லக் கேட்டிருக்கிறேன். அவை பேசும் படங்களே. ஆனாலும் மலாய்ப்படமோ இந்திப்படமோ போட்ட இரவில், விஷயம் தெரிந்த ஒருவர் முன்வரிசையில் எழுந்து நின்று, அவன் இவளைப் பார்த்து இப்படிக் கேட்கிறான் என்று கூட்டத்துக்குச் சொல்லிக்கொண்டே வருவாராம். படத்தைவிட அவருடைய உரை நன்றாக இருந்தது என்று முதியவர்கள் சிரிக்கிறார்கள்.

தமிழ்நாட்டில் சினிமாவை ஊர் ஊராகக் கொண்டுசென்ற முதல்வர்களுள் ஒருவரான சாமிக்கண்ணு வின்சென்டும் என்னைப் போன்ற ஓர் எழுத்து வேலைக்காரரே. திருச்சியில் ரயில்வே காரியாலயத்தில் வேலையாக இருந்தவர், 1905-இல் ஒரு பிரெஞ்சுக்காரரிடமிருந்து படம் காட்டும் யந்திரத்தை வாங்கிக்கொண்டு வேலையை உதறிவிட்டுப் புறப்பட்டார். பிறகு சென்னையில் நடராஜ முதலியார் கீசக வதம் என்னும் படத்தை எடுத்தார். தென்னாட்டில் எடுத்த முதற் கதைப்படம் அதுவே. ஆயினும் 1920-களின் இறுதிவரை தென்னாட்டுப் படத்தொழில் தவழ்ந்துகொண்டுதான் இருந்தது. எடுத்தவை பெரும்பாலும் புராணங்கள். இந்தியப் படத்தொழிலை ஆராய அரசாங்கம் 1927-இல் நியமித்த குழுவுக்குத் தலைவராக இருந்தவர் சென்னையைச் சேர்ந்த திவான் பகதூர் ரங்காச்சாரியார். ஆனால் படமெடுக்கும் முதலும் ஆளும் பம்பாயிலும் கல்கத்தாவிலும் இருந்தன.

இந்த நிலையில்தான் இராஜா சாண்டோ சென்னைக்குத் திரும்பினார். பம்பாயில் பெயரும் பணமும் இருந்தவர் திரும்பி வரக் காரணம் என்ன? சென்னையில் அசோசியேட்டட் பிலிம்ஸ் என்னும் கம்பெனி தோன்றியது. அதற்கு அனுபவமுள்ள கை ஒன்று வேண்டியிருந்தது. அங்கே அவர் நடிகர் மட்டுமல்லர், டைரக்டருமானார். நாட்டுப்பற்று என்றும், பிறந்த மண் என்றும் அலங்காரமாக எழுதலாம். தொழில் தெரிந்தவனுக்குத் தன் கைப்படச் செய்ய ஓர் இடம் கிடைத்தது என்பதே போதுமான காரணம் என்று நான் கருதுகிறேன். நம் முன்னோரும் கப்பலேறியது வேறு எதற்காக?

1930-இல் பேயும் பெண்ணும். அதே ஆண்டில் நந்தனார். நந்தனார் கதை நாடகமேடையில் பழையதுதான். ஆனால் அப்படத்துக்கு ஆங்கிலத்தில் வைத்த இரண்டாம் தலைப்பு, தாழ்த்தப்பட்டோரின் உயர்வு என்று பொருள்படுவது. சிதம்பரத்தில் தீக்குளித்துத் தூய்மை பெற்றால்தான் ஒரு மனிதன் உள்ளே போகலாம் என்னும் கதையை உயர்வு என்று சொல்லலாமா என்று நாம் இன்று கேட்கிறோம், கேட்கவும் வேண்டும். ஆயினும் பக்தியின் பெருமை என்று தலைப்பு வைக்காமல் தாழ்த்தப்பட்டோரை முன்னிறுத்தியது 1930-இல் ஓர் அடி முன்னே வைத்ததாகும்.

1931-இல் அனாதைப் பெண். வை. மு. கோதைநாயகி அம்மாள் எழுதிய கதை அது. ஜகன்மோகினி பத்திரிகையை நடத்தியவர். தேசத்தொண்டில் சிறை சென்றவர். பள்ளிக்கூடம் போய்ப் படிக்காமலே நூறுக்கு மேற்பட்ட நாவல்களை எழுதியவர். பெண் ஒருவர் எழுதிய, பெண்களின் துன்பத்தைப் பற்றிய, தம் காலத்துக் கதையைத் தமிழ்த்திரை ஏற்றுக்கொண்டது என்பதைச் சாதாரணமாக நினைக்கலாகாது. அதுவரை தமிழ்ப்படத்துப் பெண் திரௌபதியாகவோ சாவித்திரியாகவோ இருந்தாள். அவளுக்குத் துன்பம் வந்தால் கடவுள் வருவார். அனாதைப் பெண்ணுக்குக் கடவுள் வருவதாயில்லை. அக்கம்பக்கத்தார் என்ன செய்கிறார்கள் என்று பார்க்க வேண்டியிருந்தது.

உஷா சுந்தரி, ராஜேசுவரி ஆகிய படங்களும் அதே ஆண்டைச் சேர்ந்தவை. அவற்றில் நடித்த டி. பி. ராஜலட்சுமி அம்மையார் வெகு சீக்கிரத்தில் வேறொரு சரித்திரத்துக்கு உரியவரானார். அதே 1931-ஆம் ஆண்டு அக்டோபர் 31-ஆம் நாள் சென்னையில் காளிதாஸ் என்னும் படம் வெளியாயிற்று. நாயகி அவர். திரையிலிருந்து தமிழ்க்குரல் கேட்டது. நாயகன் தெலுங்கில் பேசினான் என்பதைப் பற்றி ஜனங்கள் கவலைப்படவில்லை. ஒரே இரவில் இராஜா சாண்டோவின் தொழில் பழையதாகிவிட்டது. 1932-இல் அவர் எடுத்த பாரிஜாத புஷ்பாபகரணமும் ஊமைப்படந்தான். அதற்குள் கூட்டம் குரலைத் தேடிப் போய்விட்டது.

உலகெங்கும் அப்போது இதே கதை. ஊமைப்பட உலகின் மாபெரும் நடிகர் என்று போற்றப்பட்ட ஜெர்மானியர் எமில் ஜானிங்ஸ், அமெரிக்காவில் முதன்முதலாக வழங்கிய அகாடமி பரிசை 1929-இல் பெற்ற கையோடு ஊர் திரும்பினார். காரணம், அவருடைய ஆங்கிலத்தில் ஜெர்மன் வாடை கனமாக இருந்தது. அவராவது தாய்மொழியில் 1930-இல் நீலத் தேவதை என்னும் படத்தில் நடித்துப் புகழ் காத்தார். பின்னர் ஹிட்லர் ஆட்சியின் பிரசாரப் படங்களில் நடித்து அப்புகழைக் கெடுத்துக்கொண்டார் என்பது வேறு கதை. பம்பாயில் சுலோசனா ஹிந்துஸ்தானி பேச வராமல் தடுமாறி, ஓராண்டு ஒதுங்கியிருந்து பாஷை கற்றுக்கொண்டு மீண்டும் வந்தார். அவர் நடித்து 1934-இல் வெளிவந்த இந்திரா எம்.ஏ. என்னும் பேசும் படத்தில் நம் இராஜா சாண்டோவும் இருந்தார். ஆனால் நாயகன் அவர் அல்லர், பில்லிமோரியா. எட்டு ஆண்டுக்கு முன் சுலோசனாவுக்கு ஜோடியாக நின்றவருக்கு இப்போது பக்கத்து வேஷம்.

அநேக ஊமைப்பட நடிகர்களின் சரித்திரம் இந்த இடத்தில் முடிந்துவிடும். குடி, கடன், அடையாளம் தெரியாத முதுமை என்று இரண்டு வரியில் எழுதி முடிக்கலாம். இவர் அப்படி முடியவில்லை. முகத்தைத் திரையிலிருந்து எடுத்துக்கொண்டு காமிராவுக்குப் பின்னால் போய் நின்றார்.

டி. கே. எஸ். சகோதரர்களின் நாடகக் குழு 1935-இல் மேனகா என்னும் நாடகத்தைப் படமாக்கியபோது அதை டைரக்ட் செய்தவர் இராஜா சாண்டோ. வடுவூர் துரைசாமி ஐயங்காரின் நாவல் அது. பம்பாயில் ரஞ்சித் ஸ்டூடியோவில் எடுத்தார்கள். அவருக்குப் பழகிய இடம். கதையில் ஓர் இளம்மனைவியை அவள் புகுந்த வீட்டாரே சூழ்ச்சி செய்து விலைக்கு விற்றுவிடுகிறார்கள். வாங்கியவன் ஒரு பணக்கார முஸ்லிம். அவளைக் காப்பாற்றுபவளோ அவனுடைய மனைவி நூர்ஜஹான். விற்றவரும் சொந்த மதத்தார், மீட்டவள் வேற்று மதத்தாள் என்று கதை போகிறது. பல மதத்தாரும் ஒரே லயத்தில் சுவருக்குச் சுவர் வாழ்ந்து பழகிய நமக்கு இதில் புதுமை தோன்றாது. 1935-ஆம் ஆண்டுத் தமிழ்நாட்டுக்கு இது வேண்டியிருந்தது. அந்தச் சூழ்ச்சிக்காரர்களுள் ஒருவரான சாமா ஐயராக வந்தவர் என். எஸ். கிருஷ்ணன். திரையில் ஜனங்கள் அவரை முதன்முதற் கண்டது அப்படத்தில்தான்.

மறு ஆண்டில் சந்திரகாந்தா. ஜே. ஆர். ரங்கராஜுவின் நாவல், மடாதிபதி ஒருவரின் ஒழுக்கக்கேட்டைச் சந்திக்கு இழுத்தது. காவியுடை தரித்தவனைக் கண்டால் கும்பிடும் சபையில், அவனைக் கண்டு சிரிக்க வைத்தார்கள். பி. யு. சின்னப்பா சினிமாவுக்கு வந்தது அப்படத்தின் வழியாக, அவரும் புதுக்கோட்டைக்காரர், அவரும் சிலம்பமும் தேகப்பயிற்சியும் பழகியவர். ஆனால் அவருக்குப் பாட வரும். பேசும்படம் வேண்டியது எதுவென்று இந்த இரண்டு புதுக்கோட்டைக்காரரையும் அடுத்தடுத்து நிறுத்திப் பார்த்தாலே விளங்கும்.

அவர் எடுத்த எல்லாமே சீர்திருத்தப் படங்கள் என்று சொல்ல நான் வரவில்லை. 1938-இல் விஷ்ணு லீலா எடுத்தார், பெயரே சொல்லும். 1939-இல் தியாகராஜ பாகவதரை வைத்துத் திருநீலகண்டர் எடுத்தார். பாட்டுக்காக ஓடிய படம். ஊமைப்பட நாளிலேயே மேல்நாட்டு நடிகரைப் போன்ற காதற்காட்சிகள் உண்டு என்று விளம்பரம் செய்து கூட்டம் சேர்த்தவர்தாம். படமெடுப்பது முதல் போட்டு முதல் எடுக்கும் வியாபாரம்; அவர் வியாபாரத்தில் இருந்தார். வேலைக்களத்தில் கடுமையானவர், நடிகர்களை அதட்டி வேலை வாங்குபவர் என்றும் பெயர் உண்டு. உடலைத் துன்புறுத்தித் தொழில் கற்றவர், பிறரும் அப்படியே கற்க வேண்டுமென்று எண்ணினார் போலும். இதை நான் பாராட்டுவதற்கில்லை.

ஆனால் ஒன்று சொல்ல வேண்டும். சீர்திருத்தத் தமிழ்ப்படம் என்றால் நம்மவர் 1949-ஆம் ஆண்டிலிருந்து எண்ணத் தொடங்குகிறார்கள். அண்ணாதுரையின் வேலைக்காரி, அப்புறம் 1952-இல் கருணாநிதியின் பராசக்தி. மலாயாத் தோட்டங்களில் அவற்றின் வசனங்களை மனப்பாடமாக ஒப்பித்தவர்கள் இருந்தார்கள். இன்றும் கலை நிகழ்ச்சிகளில் ஒப்பிக்கிறார்கள். வசனம் பிறந்தபோதுதான் சிந்தனை பிறந்தது என்பது நம் எண்ணம். அது சரியன்று. அசோசியேட்டட் பிலிம்ஸில் இராஜா சாண்டோவோடு ஊமைப்படங்களுக்குக் கதை அமைத்த வக்கீல் கே. சுப்பிரமணியம்தான் பின்னர் 1937-இல் பாலயோகினியையும் 1939-இல் தியாகபூமியையும் எடுத்தார். விதவையின் நிலையையும் சாதிக் கொடுமையையும் பாலயோகினி பேசிற்று. தியாகபூமியை வெள்ளை அரசாங்கம் தடை செய்தது. மேனகாவில் தோன்றிய என். எஸ். கிருஷ்ணன்தான், அண்ணாதுரை கதை வசனம் எழுதி வேலைக்காரி வெளிவந்த அதே 1949-இல் வந்த நல்லதம்பியின் நாயகன். கைமாறிக் கைமாறி வந்த தொழில் இது. வசனக்காரர்கள் வருவதற்கு ஏறக்குறைய இருபது ஆண்டுக்கு முன்பே, வாயில்லாத திரையில், பெண்ணையும் தாழ்த்தப்பட்டவனையும் புராணத்திலிருந்து இறக்கித் தெருவில் நிறுத்தும் வேலை தொடங்கிவிட்டது. அதைத் தொடங்கியவர்களுள் எழுத்தாளனும் அல்லாத, பேச்சாளனும் அல்லாத, தோள்வலிமையால் பிழைத்த ஒருவர் இருந்தார். நாவன்மை உள்ளவனே உலகத்தைத் திருத்துவான் என்று எண்ணிப் பழகிய நமக்கு இது சற்றுச் சங்கடமாகத்தான் இருக்கும்.

1942-இல் ஆராய்ச்சிமணி வந்தது. மனுநீதிச் சோழன் கதை. பிறகு கோயம்புத்தூரில் பாகவதர் நடித்த சிவகவியை அவர் தொடங்கினார். முடித்தவர் ஸ்ரீராமுலு நாயுடு. கோயம்புத்தூரிலேயே, ஐம்பது வயது நிரம்புமுன், இராஜா சாண்டோ காலமானார். மலாயாத் தமிழர்க்கு அச்செய்தி வந்துசேரும் வழி அப்போது இல்லை. நாடு ஜப்பானியர் கையில் இருந்தது. தமிழ்நாட்டுப் பத்திரிகையும் கடிதமும் பிலிமும் நின்றுபோயின. நம் கெடாவை 1943-இல் சயாமிடம் ஒப்படைத்துவிட்டார்கள். தோட்டத்து ஆண்களைச் சயாம் மரண ரயிலுக்கு இழுத்துப் போய்க்கொண்டிருந்தார்கள். பம்பாய் நடிகர் ஒருவர் இறந்ததைக் கேட்டு அழ இங்கு எவர்க்கும் பொழுதில்லை.

யுத்தம் முடிந்து படங்கள் மீண்டும் வந்தபோது அவை புதுப் படங்கள், புது முகங்கள். அவருடைய ஊமைப்படங்களைத் திரும்பப் போட யாரும் நினைக்கவில்லை. நினைத்தாலும் போட அநேகமாக எதுவும் மிஞ்சியிருக்கவில்லை. அக்காலத்துப் பிலிம் நைட்ரேட் கலந்தது; எளிதில் தீப்பிடிக்கும். தீக்குத் தப்பினால் தானே அழுகும். மழைக்காலத்தில் புகையூட்டாமல் அடுக்கிவைத்த ரப்பர்த் தகடு பூஞ்சணம் பூத்து ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்வதைக் கண்டவர்களுக்கு அதன் கதியை விவரிக்க வேண்டுவதில்லை. இதற்கும் தப்பியவற்றை, அவற்றிலுள்ள வெள்ளிக்காக உருக்கினவரும் உண்டு. இந்தியாவில் எடுத்த ஊமைப்படங்கள் ஆயிரத்து முந்நூறுக்கு மேற்பட்டவை. எஞ்சியவை மிகச் சில. படங்களைக் காக்கவென்று புனாவில் அரசாங்கக் காப்பகம் நிறுவப்பட்டது 1964-இல். இராஜா சாண்டோ இறந்து இருபது ஆண்டுக்குப் பின். தமிழ்நாட்டு அரசாங்கம் அவர் பெயரால் சினிமாக் கலைஞர்க்கு ஒரு விருதை ஏற்படுத்தியது. அதைப் பெற்றவர்களுள் அவருடைய ஊமைப்படம் ஒன்றைக் கண்ணால் கண்டவர் எத்தனை பேர் இருப்பர்?

தென்னாட்டு ஊமைப்படங்களுள் முழுமையாகத் தப்பியது ஒன்றே ஒன்று; திருவிதாங்கூரின் மார்த்தாண்ட வர்மா. அது தப்பிய விதம் வேடிக்கையானது. 1933-இல் திருவனந்தபுரத்தில் திரையிட்ட உடனே, மூலநாவலின் உரிமையுடைய புத்தகக்கடையார் வழக்குத் தொடுத்துப் படப்பெட்டியைப் பறிமுதல் செய்வித்தார்கள். அதன்பின் அதை ஊர் ஊராக ஓட்டுவாரில்லை, ஓட்டித் தேய்ப்பாருமில்லை. புத்தகக்கடையிலேயே நாற்பது ஆண்டு கிடந்தது. 1974-இல் புனாக் காப்பகத்தார் வந்து எடுத்துப் போனார்கள். இராஜா சாண்டோவின் படங்களை எவரும் பறிமுதல் செய்யவில்லை. அவை ஊர் ஊராக நன்றாக ஓடின.